காற்று பார்த்த வேலை

மேடைக்கு அடியில் இருந்த அந்த அறையில் நிமிர்ந்து நிற்க முடியாது. நான் இரண்டு முறை தலையை இடித்துக்கொண்டேன். பாஸ் ஒரு முறைகூட இடித்துக்கொள்ளவில்லை. எங்கள் இருவரில் யார் துப்பறிபவர், யார் உதவியாளர் என்று யாராவது கேட்டால் இதைத்தான் சொல்வேன்.

"எவ்வளவு நேரம் இருக்கு?" என்றார் பாஸ்.

"விசாரணைக்கா? ஒன்றரை மணி நேரம். என் மண்டைக்கா? அடுத்த குழாய் வரைக்கும்."

பாஸ் சிரிக்கவில்லை. பத்து வருடம் இன்சூரன்ஸ் கம்பெனியில் விபத்துகளை நோண்டிய பெண்மணி அவர். எதற்கும் லேசில் சிரிக்க மாட்டார். பள்ளியில் கணக்குப் பாடத்தில் இரண்டு முறை கோட்டை விட்டவர் என்பதால், எண்கள் எட்டிப் பார்க்கும் இடத்தில் எல்லாம் என்னை முன்னால் தள்ளிவிடுவார். நான் இயற்பியலில் பட்டம் வாங்கியவன். வாங்கிய நாளிலிருந்து அதைக் காட்டு என்று கேட்டவர் அவர் ஒருவர்தான்.

விஷயம் இதுதான். அந்த அறையில் ஒரு கம்ப்ரஸர், ஒரு தொட்டி, அதில் காற்றின் அழுத்தம் காட்டும் முள் வைத்த கேஜ், ஆள் உயரத்துக்கு ஒரு காற்று சிலிண்டர். மேடையின் நடுப்பலகையைக் கீழிருந்து மேலே தள்ளுவது அந்த சிலிண்டர்தான். நேற்று மதியம் ஒத்திகை. பலகையில் உறை போட்ட பெரிய பியானோ, பக்கத்து ஸ்டூலில் கதாநாயகி. மெதுவாக மேலே வந்து, திரும்பிப் பார்த்துச் சிரிக்க வேண்டும். பலகை மெதுவாக வரவில்லை. விருட்டென்று பாய்ந்து உச்சியில் முட்டி நின்றது. கதாநாயகி ஸ்டூலோடு தூக்கி எறியப்பட்டார், பியானோ கவிழ்ந்தது. அவருக்குக் கால் எலும்பு இரண்டு இடத்தில் முறிவு. பியானோவுக்கு எத்தனை இடத்தில் என்று யாரும் விசாரிக்கவில்லை.

பழி கம்ப்ரஸர் அண்ணன் மேல் விழுந்தது. இருபத்திரண்டு வருடமாக இந்த அரங்கத்துக்குக் காற்று அடிப்பவர். பெற்றவர்கள் வைத்த பெயர் அவருக்கே மறந்திருக்கும். நான்கு மணிக்கு நிர்வாகக் குழு கூடுகிறது. வேலை போவது ஏறக்குறைய முடிவான சங்கதி. போலீசில் புகார் கொடுப்பதா, வேண்டாமா என்பதுதான் பேச்சு. மனிதர் நேற்றிலிருந்து வாயே திறக்கவில்லை.

எங்கள் ஆபீஸ் படியேறி வந்தது அவர் மகள். கல்லூரியில் முதல் வருடம். அழுது அழுது கண் இரண்டும் வீங்கியிருந்தன.

"எங்கப்பா தப்பு பண்ணியிருக்க மாட்டார்" என்றாள். கொஞ்சம் பொறுத்து, "பண்ணியிருந்தாலும் தெரிஞ்சு பண்ணியிருக்க மாட்டார்" என்றாள். அந்த இரண்டாவது வாக்கியத்துக்கு பாஸின் புருவம் ஏறியதை நான் பார்த்தேன். எதற்கு என்று அப்போது விளங்கவில்லை.

அரங்கத்தின் மேனேஜர் குனிந்தபடி அறைக்குள் வந்தார். அவரும் தலையை இடித்துக்கொண்டார். எனக்கு அவர் மேல் லேசாகப் பிரியம் வந்தது.

"இதோ தாள். இதைப் பார்த்துட்டு நீங்களே கிளம்பிடுவீங்க" என்று நீட்டினார். "தினமும் ஒரு தாள். கேஜ்ல முள் எங்க நிக்குதுன்னு பார்த்து எழுதி, சாயங்காலம் ஆபீஸ்ல கொடுக்கணும். மேடை ஏத்தறதுக்கு எப்பவும் மூணு கிலோ பிரஷர். நேத்து நாலு. எழுதி வேற வெச்சிருக்கார். ஒரு கிலோ ஜாஸ்தி வெச்சா அது பாயாம என்ன பண்ணும்?"

தாளில் இரண்டே வரிகள். 'தொட்டி காலி: 1.' அதற்குக் கீழே, 'மேடை ஏற: 4.'

"இப்ப தொட்டியில காத்து இருக்கா?" என்று கேட்டார் பாஸ்.

"நேத்து சாயங்காலமே திறந்து விட்டாச்சு. சுத்தமா காலி."

பாஸ் கேஜின் முள் மேல் விரலை வைத்தார். பிறகு அதே விரலைத் தாளின் முதல் வரிக்குக் கொண்டு போனார். முள் பூஜ்யத்தில் நின்றது. தாளில் ஒன்று. எனக்குப் பொறி தட்டியது.

"சார், ஒரு சின்ன கேள்வி" என்றேன் மேனேஜரிடம். "வெளியில காத்து எவ்வளவு இருக்கும்?"

அவர் சட்டைக் காலரைத் தளர்த்திக்கொண்டு மேலே பார்த்தார். "காத்தே வரலை, இல்ல? இருங்க, ஒரு ஃபேன் கொண்டுவரச் சொல்றேன்."

அவர் போனதும் பாஸ் என் பக்கம் திரும்பினார். "என்ன பரீட்சை வெச்சே அவருக்கு?"

"ஃபெயிலாயிட்டார் பாஸ். அதனாலேயே தப்பிச்சார்." நான் தாளைத் தட்டினேன். "பஞ்சரான டயர்ல கேஜ் வெச்சா பூஜ்யம் காட்டும். உள்ள காத்தே இல்லைன்னு அர்த்தம் இல்ல. நம்மைச் சுத்தி இருக்கிற அதே காத்து உள்ளயும் இருக்கு. ஒரு சதுர சென்டிமீட்டருக்குக் கிட்டத்தட்ட ஒரு கிலோ அழுத்திக்கிட்டு இருக்கும். உள்ளயும் ஒண்ணு, வெளியிலயும் ஒண்ணு, சரிக்குச் சரி. அதுக்கு மேல எவ்வளவுங்கறதை மட்டும்தான் கேஜ் காட்டும். புத்தகக் கணக்குல பல இடத்துல அந்த ஒண்ணையும் சேர்த்து மொத்தமாச் சொல்லுவாங்க."

"அப்ப முள்ளைப் பார்த்த ஆள் காலித் தொட்டிக்கு ஒண்ணுன்னு எழுத மாட்டான்."

"ஜென்மத்துக்கும் எழுத மாட்டான். இது பார்த்து எழுதினது இல்ல, கணக்குப் போட்டு எழுதினது. கம்ப்ரஸர் அண்ணன் எழுதியே இருக்க மாட்டார். நம்ம மேனேஜருக்கோ காத்துன்னா ஃபேன்."

"போலித் தாளை எழுதினது அவர் இல்ல. அவ்வளவுதான் இப்போதைக்குத் தெரியும்" என்றார் பாஸ். நல்லவர் என்று ஒருவருக்கும் அவ்வளவு சீக்கிரம் சான்றிதழ் கொடுக்க மாட்டார். "தாளை விடு. பலகை பாய்ஞ்சது நிஜம். அது யார் பார்த்த வேலை?"

"காத்து பார்த்த வேலை. எவ்வளவு வேலைன்னு துல்லியமாவே சொல்லலாம்."

பையிலிருந்த பழைய கவரைத் திருப்பிப் போட்டு, தொட்டியின் மேல் வைத்துக்கொண்டேன்.

"காத்து விரிஞ்சு ஒரு பொருளைத் தள்ளுது. எவ்வளவு அழுத்தத்தோட தள்ளுச்சு, எவ்வளவு விரிஞ்சுது, ரெண்டையும் பெருக்கினா அது செஞ்ச வேலை வந்துடும். சிலிண்டர் தகட்டுலயே போட்டிருக்கு. பிஸ்டன் முகம் இருநூறு சதுர சென்டிமீட்டர். ஏறுறது ரெண்டு மீட்டர். அப்ப காத்து விரிஞ்சது நாற்பது லிட்டர். மூணு கிலோ பிரஷர்னா தள்ளு மொத்தம் அறுநூறு கிலோ. அதை ரெண்டு மீட்டருக்குத் தள்ளினா ஆயிரத்து இருநூறு."

"ஆயிரத்து இருநூறு என்ன?"

"கிலோ மீட்டர்னு சொன்னா ரோடுன்னு நெனச்சுக்குவீங்க. ஒரு கிலோவை ஒரு மீட்டர் தூக்கற வேலையை ஒரு பங்குன்னு வைங்க. அந்த மாதிரி ஆயிரத்து இருநூறு பங்கு."

"விரிய விரிய அழுத்தம் குறைஞ்சுடாதா?"

கணக்கில் கோட்டை விட்டவர் கேட்கிற கேள்வியா இது! "குறையும். ஆனா இங்க கம்ப்ரஸர் பின்னாலிருந்து அடிச்சுக்கிட்டே இருக்கும், ரெகுலேட்டர் ஒரே அளவுல பிடிச்சு வெச்சிருக்கும். அதனாலதான் என்னை மாதிரி ஆளுக்கும் வெறும் பெருக்கலோட வேலை முடியுது."

"சரி, பாரம்?"

"பலகை நூத்தியிருபது கிலோ. பியானோ முந்நூத்தியெண்பது. கதாநாயகியும் ஸ்டூலும் அறுபது."

"அவங்க எடை உனக்கு எப்படித் தெரியும்?"

"மரியாதையா ஒரு முழு எண்ணாப் போட்டுக்கிட்டேன் பாஸ். ஆக மொத்தம் ஐந்நூத்தி அறுபது கிலோ. ரெண்டு மீட்டர் தூக்க ஆயிரத்து நூத்தியிருபது பங்கு. மீதி எண்பது. அதை பிஸ்டன் ரப்பரோட உரசலே தின்னுடும். அதனாலதான் இத்தனை வருஷமா மூணு கிலோவுல பலகை நத்தை மாதிரி ஏறிக்கிட்டு இருந்தது. பாயறதுக்கு அதுகிட்ட எதுவுமே மிஞ்சாது."

"நாலு கிலோ இருந்திருந்தா?"

"ஆயிரத்து அறுநூறு பங்கு. உரசல் போக நானூறு மிஞ்சும். பாயும்."

பாஸ் கவரை வாங்கிக் கொஞ்ச நேரம் பார்த்தார். அவர் எண்களைப் பார்க்கும்போது முகம், கசப்பு மருந்தைக் கையில் வைத்திருப்பவர் முகம் மாதிரி ஆகிவிடும்.

"நாலுங்கறது பொய்த் தாள்ல இருக்கிற எண். அதை மறந்துடு. எப்பவும் போல மூணுன்னே வெச்சுக்க. காத்து தன் வேலையை ஒழுங்காப் பார்த்திருக்கு. அப்புறமும் பாய்ஞ்சிருக்குன்னா, வேற யாரோ தன் வேலையைப் பார்க்கலை. யாரு?"

"பாரம்."

"பலகை இதோ இருக்கு. அந்தப் பொண்ணு கால் உடைஞ்சு ஆஸ்பத்திரியில இருக்கா. மிச்சம்?"

நான் எழுந்தேன். குழாய் காத்துக்கொண்டிருந்தது. மூன்றாவது இடி.

வாட்ச்மேன் வாசல் பக்கம் நாற்காலியைச் சுவரில் சாய்த்து உட்கார்ந்திருந்தார். எங்களைப் பார்த்ததும் நாற்காலியின் நான்கு கால்களும் தரைக்கு வந்தன.

"கவிழ்ந்த பியானோவை எங்க வெச்சிருக்கீங்க?"

"ஸ்டோர்ல. நான்தான் கொண்டுபோய் வெச்சேன்."

"எத்தனை பேர் தூக்கினீங்க?"

"நானும் பெயிண்டரும்."

"ரெண்டே பேரா?"

"அவன் எதுக்குன்னுதான் நானும் கேட்டேன். வாசல்ல திருப்பறதுக்கு ஒரு ஆள் வேணும்னான்."

"பியானோ இவ்வளவு லேசா இருக்கேன்னு உங்களுக்குத் தோணலையா?" என்றேன்.

அவர் என்னைப் பரிதாபமாகப் பார்த்தார். "தம்பி, நான் நேத்து காலையில ஒரு கோட்டைச் சுவரையே ஒத்தைக் கையில தூக்கிட்டுப் போனேன். முந்தாநாள் ஒரு பாறை. நாடகக் கொட்டகையில எது கனமா இருக்கு?"

ஸ்டோரில் உறையை விலக்கினோம். ஒட்டுப்பலகையில் செய்து கறுப்பு அடித்த பியானோ. வாசிக்கும் கட்டைகள் எல்லாம் தூரிகையால் வரைந்தவை. நான் ஒரு முனையைப் பிடித்துத் தூக்கினேன். முழுசாக ஐம்பது கிலோ தேறாது. ஏதோ ஒரு பழைய நாடகத்துக்காகச் செய்து போட்டது.

"முந்நூத்தி முப்பது கிலோ காணாமப் போயிருக்கு" என்றேன். "ரெண்டு மீட்டருக்கு அறுநூத்தி அறுபது பங்கு வேலை, செய்ய இடமில்லாம மிஞ்சிப் போச்சு. அதுதான் அந்தம்மாவைத் தூக்கி எறிஞ்சிருக்கு."

பின்னால் ஏதோ விழும் சத்தம். மேனேஜர் கையிலிருந்த ஃபேனைக் கீழே போட்டிருந்தார்.

"நிஜப் பியானோ எங்க சார்?" பாஸ் குரலை உயர்த்தவில்லை.

அவர் ஸ்டோர் கதவைச் சாத்திவிட்டு வந்தார். முகம் வெளுத்துப் போயிருந்தது. "எங்க வீட்டு ஹால்ல இருக்கு மேடம். எம் பொண்ணைப் பார்க்க வந்தவங்ககிட்ட, எங்க வீட்ல பியானோ இருக்கு, பொண்ணு வாசிப்பான்னு எம் வீட்டுக்காரி வாய் விட்டுட்டா. இந்த வாரம் அவங்க குடும்பத்தோட வீட்டுக்கு வர்றாங்க. ஒத்திகையில யாரும் வாசிக்கப் போறதில்ல, உறை போட்டுத்தான் இருக்கும், நாலு நாள்தானேன்னு..."

"விபத்து நடந்ததும் சொல்லியிருக்கலாமே?"

"அதுக்கும் இதுக்கும் என்ன மேடம் சம்பந்தம்?" அவர் நிஜமாகவே புரியாமல் கேட்டார். "பாரம் குறைஞ்சா மெஷினுக்கு நல்லதுதானேன்னு நெனச்சேன்."

எனக்கு வாயில் வந்த பதிலை பாஸ் பார்வையாலேயே அடக்கினார். மேனேஜருக்கு அதற்குள் கொஞ்சம் தெம்பு திரும்பியிருந்தது.

"நான் பண்ணினது தப்புதான், ஒத்துக்கறேன். ஆனா தாள்ல நாலுன்னு இருக்கே? நாலு கிலோ வெச்சிருந்தா நிஜப் பியானோ இருந்தாலும் பாய்ஞ்சிருக்கும்தானே? அப்ப தப்பு அவர் பேர்லதான். தாள் பொய்ன்னா நிஜத் தாளைக் காட்டுங்க."

கேட்டது நியாயமான கேள்வி. என் கவரில் இருந்த நானூறு அவர் பக்கம்தான் பேசியது.

மணி மூன்று நாற்பது. கூட்ட அறைக்கு வெளியே நீளமான நடைபாதை. பெஞ்சின் கோடியில் அந்தப் பெண் மடியில் பெரிய பாடப் புத்தகத்தை வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். பாஸ் போய்ப் பக்கத்தில் உட்கார்ந்தார். அவர் சாதாரணமாக உட்காரும் ஆளே இல்லை. நின்றுகொண்டே சாப்பிடுபவர்.

"ஏம்மா, வெளியில காத்து எவ்வளவு அழுத்தும்?"

"ஒண்ணு" என்றாள் அவள், யோசிக்காமல்.

சொன்ன பிறகுதான் எதைச் சொன்னோம் என்று அவளுக்குப் புரிந்தது. புத்தகத்தின் மேல் இருந்த இரண்டு கைகளும் இறுகின. பாஸின் புருவம் ஏன் ஏறியது என்று எனக்கு அப்போதுதான் விளங்கியது. அப்பாவைக் காப்பாற்றுங்கள் என்று எங்களைக் கூட்டி வந்தவளே அவள்தானே!

"காலேஜ் விட்டதும் அப்பா ரூம்லதான் உட்கார்ந்து படிப்பியா?"

தலையாட்டினாள். "நேத்து சீக்கிரமே வந்துட்டேன். அப்பா ஆம்புலன்ஸ்ல கூடப் போயிட்டார். தாள் மேஜையில இருந்தது. தொட்டி காலிக்கு பூஜ்யம்னு எழுதியிருந்தார். பூஜ்யமா இருக்க முடியாதேன்னு நெனச்சேன். அப்புறம் மேடைக்கு எவ்வளவு வேணும்னு நானே கணக்குப் போட்டேன். நாலு வந்தது. அப்பா மூணுன்னு எழுதியிருந்தார். ரெண்டு இடத்துலயும் ஒண்ணு குறைச்சல். கொஞ்ச நாளாவே அப்பாவுக்கு எழுத்தெல்லாம் மங்கலாத் தெரியுது. கண்ணாடி போட மாட்டேங்கறார். முள்ளைத் தப்பாப் பார்த்துட்டார்னு நெனச்சுட்டேன். தப்பா எழுதினதை வெச்சு அவரை மாட்டிவிட்டுடுவாங்களேன்னு, வேற தாள்ல சரியா எழுதி வெச்சேன்."

"கேஜைப் போய்ப் பார்க்கலையா?"

"பார்க்கலை. கணக்குதான் வந்துடுச்சே."

கணக்கு சரியான கணக்குதான். மொத்த அழுத்தம் நான்கு, முள் காட்டுவது மூன்று. அப்பாவும் மகளும் ஒரே விஷயத்தை இரண்டு விதமாகச் சொல்லியிருந்தார்கள். அதை நான் அவளுக்கு இரண்டு வாக்கியத்தில் விளக்கினேன். முடிப்பதற்குள் அவள் வாயைப் பொத்திக்கொண்டு குனிந்துவிட்டாள்.

"பழைய தாள்?" என்றார் பாஸ்.

புத்தகத்தின் நடுவிலிருந்து எடுத்தாள். "அப்பா கையெழுத்து. கிழிக்க மனசு வரலை."

"நாங்க கொடுத்தா, நாங்களே எழுதிக் கொண்டுவந்ததுன்னு சொல்லுவாங்க. நீதான் உள்ள வந்து சொல்லணும்."

"அப்பா முன்னாடியா?"

"அப்பா முன்னாடிதான்."

அவள் தாளை மடித்தாள், பிரித்தாள், மறுபடி மடித்தாள். பிறகு எழுந்தாள்.

உள்ளே பாஸ் பத்து நிமிடத்தில் பியானோ கதையைச் சொல்லி முடித்தார். குழுவில் ஒருவர் சிரித்துவிட்டு, மேனேஜர் முகத்தைப் பார்த்ததும் அதை இருமலாக மாற்றினார். தலைவர் சிரிக்கவில்லை. எல்லாம் கேட்டுவிட்டு, நாலு என்று இருந்த அந்தத் தாளை எடுத்து, மேஜைக் கோடியில் உட்கார்ந்திருந்த கம்ப்ரஸர் அண்ணனிடம் காட்டினார்.

"இதை எழுதினது நீங்கதானே?"

"நான்தாங்க."

நேற்றிலிருந்து அவர் வாயிலிருந்து வந்த முதல் சொல் அது. சொல்லிவிட்டு அவர் மகள் இருந்த பக்கம் பார்க்காமல் இருப்பதற்கு மிகவும் பாடுபட்டார்.

"இல்லப்பா" என்றாள் அவள்.

எழுந்து போய்ப் பழைய தாளைத் தலைவர் முன் வைத்தாள். "அப்பா எழுதினது இது. பூஜ்யம், மூணு. இதை எடுத்து ஒளிச்சு வெச்சுட்டு, நாலுன்னு எழுதினது நான்." தாளில் இருந்த மூன்றைத் தொட்டுக் காட்டினாள். "அப்பாவுக்குக் கண் சரியாத் தெரியலை, தப்பாப் பார்த்துட்டார்னு நெனச்சேன். புத்தகத்தை நம்பினேன். அப்பாவை நம்பலை."

கம்ப்ரஸர் அண்ணன் அவளையே பார்த்தார். கோபம் வரும் என்று நான் எதிர்பார்த்தேன். அவர் முகத்தில் இருந்தது வேறு ஏதோ.

"நீ முள்ளைப் பார்த்து எழுதலையா?"

"இல்லப்பா. கணக்குப் போட்டு எழுதினேன்."

"நேத்து தாளைக் காட்டினப்பவே உன் எழுத்துன்னு தெரிஞ்சுடுச்சு" என்றார் அவர் மெதுவாக. "உன் கண்ணு நல்ல கண்ணு. நீ போய்ப் பார்த்திருப்பே, முள் நாலுல நின்னிருக்கும், எனக்குத்தான் மூணாத் தெரிஞ்சிருக்குன்னு நெனச்சேன். அந்தப் பொண்ணு காலை நான்தான் உடைச்சிட்டேன்னு நெனச்சுக்கிட்டு இருந்தேம்மா."

மேனேஜர் தன் செருப்பைப் பார்த்துக்கொண்டிருந்தார்.

தலைவர் பழைய தாளை மேஜை மேல் நகர்த்தி அவரிடம் தள்ளினார். கம்ப்ரஸர் அண்ணன் அதை எடுத்து முகத்துக்குப் பக்கத்தில் கொண்டுபோனார். பிறகு கையை முழுசாக நீட்டித் தூரமாகப் பிடித்தார். அதுவும் போதாமல் தலையைப் பின்னால் சாய்த்துக் கண்ணைச் சுருக்கினார். அவள் சொல்லிக் கொடுக்க வாயைத் திறந்தாள். பாஸ் அவள் தோளைத் தொட்டுத் தடுத்தார்.

"மூணு" என்று படித்தார் அவர்.

பிறகு தாளை இறக்கி, யாரும் கேட்காமலே, தலைவரை நேராகப் பார்த்துச் சொன்னார்.

"மூணுதாங்க வெச்சேன்."